பத்து புங்கங்கன்று நட்டால் ஒரு அத்தி ஆகாது

நேற்றிலிருந்து எழுதலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே இருந்தேன். எழுதாவிட்டால் இன்றும் தூக்கம் வராது. நம் ஊர் வாய்க்கால் பாலத்துப் பக்கம் நின்ற அத்திமரத்தை வெட்டிவிட்டார்கள். உங்கள் எல்லோருக்கும் தெரியும், படங்களும் பார்த்திருப்பீர்கள். யார் வெட்டச் சொன்னது, யார் கையெழுத்துப் போட்டது என்ற பஞ்சாயத்துக்குள் நான் போகப் போவதில்லை. மரம் போய்விட்டது. என்னை அறுத்துக்கொண்டிருப்பது அன்று அங்கே கூடியிருந்தவர்கள் பேசிய பேச்சும், அப்புறம் என் பதிவின் கீழே வந்த ஒரு பின்னூட்டமும்.

"ஒன்று போனால் என்ன, பத்து புங்கங்கன்று நடுகிறோம்" என்றார்கள். கைதட்டினார்கள். "அத்திக்குப் புங்கன் ஈடாகாதுங்க, அத்தியை மட்டுமே நம்பி ஒரு குளவி இருக்கு" என்றேன். சிரித்தார்கள். பெரியவர் ஒருவர் "டீச்சரம்மா பூச்சிக்குப் பால் தெளிக்கச் சொல்றாங்க" என்றார். அதையும் பொறுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்து பார்த்தால், என்னிடம் பன்னிரண்டாம் வகுப்பு படித்த பையன் எழுதியிருக்கிறான்: "டீச்சர், பரிணாமம்னு நீங்கதானே சொல்லிக் குடுத்தீங்க? அந்தப் பூச்சி வேற மரத்துக்குப் பழகிக்கும். ஃபீல் பண்ணாதீங்க." அதற்கு நாற்பது பேர் சிரிப்புப் பொம்மை போட்டிருக்கிறார்கள்.

பையன் நல்ல பையன். அவன் மேல் எனக்குக் கோபம் இல்லை. நான் நடத்திய பாடம் அவனிடம் இப்படியா போய்ச் சேர்ந்தது என்பதுதான் எனக்கு வலிக்கிறது. பரிணாமம் என்றால் "பழகிக்கொள்வது" என்று நான் சொல்லவே இல்லையேப்பா.

சரி, மறுபடியும் சொல்கிறேன். பொறுமையாகப் படியுங்கள்.

"அத்தி பூத்தாற்போல" என்கிறோம். அத்தி பூக்காமல் இல்லை. அதன் பூக்கள் எல்லாம் காய்க்கு உள்ளே இருக்கின்றன. நாம் காய் என்று பார்ப்பது, ஆயிரக்கணக்கான பூக்களை உள்ளே வைத்து மூடிய ஒரு பை. பூவாமல் காய்ப்பதாகத் தெரியும் மரத்துக்குப் பழந்தமிழில் கோளி என்றே ஒரு பெயர் உண்டு. அந்தப் பைக்கு நுனியில் ஒரு துளை, அதுவும் செதில்களால் அடைத்திருக்கும். தேனீ போக முடியாது. பட்டாம்பூச்சி போக முடியாது. காற்றும் போகாது. அதற்குள் நுழைந்து மகரந்தம் சேர்க்க நம் ஊர் அத்திக்கு வாய்த்தது செரட்டோசோலன் ஃபுசிசெப்ஸ் என்கிற ஒரே ஒரு சின்னக் குளவி. இரண்டு மில்லிமீட்டர் இருக்கும். கண்ணாடி போடாமல் பார்த்தால் தூசி என்று தட்டிவிடுவீர்கள்.

பிஞ்சு தயாரானதும் மரம் ஒரு வாசனை விடுகிறது. அதைப் பிடித்துக்கொண்டு பெண் குளவி வருகிறது. அந்தத் துளைக்குள் அது நெருக்கியடித்துக்கொண்டு நுழையும்போது இறக்கை பிய்ந்துவிடும். வகுப்பில் பிளேடால் பிஞ்சைக் கீறி லென்ஸ் வைத்துக் காட்டியிருக்கிறேன். துளை வாயில் கண்ணாடித் தாள் துணுக்கு மாதிரி இறக்கைகள் ஒட்டிக்கொண்டிருக்கும். அந்தப் பையனும் பார்த்திருக்கிறான். "இனிமே எப்படி டீச்சர் வெளியே வரும்?" என்று கேட்டதே அவன்தான். வராதுப்பா. உள்ளே போனது போனதுதான். சில பூக்களில் முட்டை வைக்கும், தான் பிறந்த காயிலிருந்து கொண்டுவந்த மகரந்தத்தை அங்குள்ள பூக்களுக்குச் சேர்க்கும், அங்கேயே செத்துப்போகும். முட்டை வைத்த பூவில் குஞ்சு வளரும், மற்றதில் விதை முற்றும். ஆண் குளவிகள் முதலில் வெளிவரும். அவற்றுக்கு இறக்கையே கிடையாது. பெண்களோடு கூடி, காயின் சுவரைக் கடித்து வழி வெட்டிக் கொடுத்துவிட்டுச் செத்துவிடும். அந்த வழியாகப் பெண்கள் மகரந்தத்தோடு பறக்கும். அதன் பிறகு அவற்றின் ஆயுள் ஒரு நாள், மிஞ்சினால் இரண்டு நாள்.

இங்கேதான் நான் சொல்ல வந்த விஷயம் இருக்கிறது. ஒரு மரத்துக் காய்கள் பெரும்பாலும் ஒரே பருவத்தில் இருக்கும். குளவி வெளியே வரும் நேரத்தில் அது பிறந்த மரத்தில் நுழையத்தக்க பிஞ்சு இருக்காது. அந்த ஒன்றிரண்டு நாளுக்குள் இன்னொரு அத்திமரத்தை, அதுவும் சரியான பருவத்தில் இருக்கும் அத்திமரத்தைக் கண்டுபிடித்தாக வேண்டும். பத்து புங்கன் இருந்தாலும் அதற்கு அங்கே ஒன்றுமே இல்லை. நூறு இருந்தாலும் இல்லை. அந்தக் குளவியின் கணக்கில் நீங்கள் நடும் பத்து மரம் பூஜ்யம்.

புங்கன் மேல் எனக்கு எந்த விரோதமும் இல்லை. நல்ல மரம், நிழல் தரும், அதற்கும் அதன் பூச்சிகள், அதன் உறவுகள் உண்டு. நடுங்கள். ஆனால் அத்திக்குப் பதில் என்று சொல்லி நடாதீர்கள்.

"பூச்சி பழகிக்கும்" என்கிற பேச்சுக்கு வருகிறேன். கலாபகஸ் தீவுகளில் டாஃப்னி மேஜர் என்று ஒரு சின்னத் தீவு. பீட்டர் கிராண்ட், ரோஸ்மேரி கிராண்ட் தம்பதி அங்கே பல வருடம் குருவிகளை ஒவ்வொன்றாக வளையம் மாட்டிக் கணக்கெடுத்தார்கள். 1977இல் மழை பொய்த்தது. சின்ன விதைகள் தீர்ந்து, கடின ஓட்டு விதைகள்தான் மிஞ்சின. அடுத்த தலைமுறையின் சராசரி அலகு பெரிதாகிவிட்டது. பாடப்புத்தகத்தில் இதை ஒரு வரியில் போட்டுவிடுகிறோம். அந்த ஒரு வரிக்குள் நடந்தது என்ன? இருந்த குருவிகளில் பெரும்பாலானவை பட்டினியில் செத்தன. பெரிய அலகோடு பிறந்திருந்த கொஞ்சம் பிழைத்தன. எந்தக் குருவியும் பழகிக்கொள்ளவில்லை. பிழைக்க வழியில்லாதவை செத்துக் குறைந்ததைத்தான் நாம் மாற்றம் என்று எழுதுகிறோம்.

குருவிக்காவது பெரிய அலகு, சின்ன அலகு என்று வேற்றுமை இருந்தது. அத்திக்குளவிக்குப் புங்கம்பூவில் முட்டை வைக்கத் தெரிந்த ஒரு வேற்றுமை எங்கிருந்து வரும்? அத்தி இனங்களும் அவற்றின் குளவிகளும் ஏறத்தாழ 7.5 கோடி வருடமாக ஒன்றையொன்று செதுக்கிக்கொண்டு வந்திருக்கின்றன. குளவியின் தலை அந்தத் துளைக்கு ஏற்றபடி தட்டையானது. பூவின் சூல்தண்டு நீளம் குளவியின் முட்டைக்குழல் எட்டும் தூரத்தோடு சேர்ந்து அமைந்தது. நீண்ட காலப் போக்கில் குளவிகள் மரம் மாறிய வரலாறும் உண்டு, மறைக்கவில்லை. ஆனால் அது அத்தி இனத்திலிருந்து இன்னோர் அத்தி இனத்துக்கு. மரம் அறுக்கும் மெஷின் அரை நாளில் முடித்த வேலைக்கு அந்தக் காலக்கணக்கில் பதில் வராது.

இன்னொரு தப்பான எண்ணமும் இருக்கிறது. நான் ஏதோ இயற்கையில் எல்லாம் பாசமும் பந்தமும் என்று உருகுகிறேன் என நினைக்கிறார்கள். இல்லை. அந்தக் காய்க்குள் நடப்பது கடுமையான கொடுக்கல் வாங்கல். மகரந்தம் கொண்டுவராமல் முட்டை மட்டும் வைக்கப் பார்க்கும் குளவி இருந்த காய்களை மரம் உதிர்த்துவிடுகிறது. பனாமாவில் செய்த ஆய்வு ஒன்று 2010இல் வந்தது, அத்தி இனங்கள் இப்படித் தண்டிப்பதைக் காட்டியது. உள்ளே நுழையாமல் வெளியிலிருந்தே துளைபோட்டு முட்டை வைக்கும் ஒட்டுண்ணிக் குளவிகள் வேறு. அவற்றில் ஒன்றின் துளைக்கும் ஊசி நுனியில் துத்தநாகம் இருப்பதைப் பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தில் கண்டறிந்தார்கள். உலோக நுனி போட்ட துரப்பணம், தலைமுடியை விட மெல்லியது! அந்தக் குளவிகளைப் பிடிக்க முசுறு எறும்புகள் காயின் மேல் காவல் நிற்கும். உறவு, பகை, திருட்டு, தண்டனை எல்லாம் எலுமிச்சை அளவுகூட இல்லாத ஒரு காயில். இதைப் பார்த்துவிட்டு அந்த மரத்தை "ஒன்று" என்று எண்ண எனக்கு வாய் வரவில்லை.

சிலர் படித்துவிட்டு வந்து கேட்பார்கள், எனக்குத் தெரியும். "நமீபியப் பாலைவனத்தில் அத்திக்குளவி 160 கிலோமீட்டர் போய் மகரந்தம் சேர்த்திருக்கிறதே, பாலத்து மரம் போனால் என்ன?" என்று. உண்மைதான். காற்று அடித்துக்கொண்டு போயிருக்கிறது. ஆனால் போய் இறங்கிய இடத்தில் அத்திமரம் இருந்தது. ஆற்றோரமாக மரங்கள் இருந்தன. இங்கே நீங்கள் வாய்க்கால் ஓரம் முழுக்க சிமெண்ட் போட்டுக்கொண்டே வருகிறீர்கள். குளவி எவ்வளவு தூரம் போகும் என்பதை வைத்து நாம் எவ்வளவு வெட்டலாம் என்று கணக்குப் போடுவது எனக்கு நியாயமாகப் படவில்லை.

வேர் சுவரைப் பிளக்கிறது என்பதை ஒப்புக்கொள்கிறேன். பிளக்கும். அந்தப் பாலத்துச் சுவரிலிருந்து மரம் எத்தனை அடி தள்ளி இருந்தது என்று மட்டும் போய் அளந்துவிட்டு வாருங்கள்.

"பழம் விழுந்து நாறுகிறது, புழு, வௌவால்" என்றவர்களுக்கு என்ன சொல்ல? உலகத்தில் அத்திக் குடும்பத்துப் பழங்களை உண்ணும் பறவைகளும் விலங்குகளும் 1,200 இனங்களுக்கு மேல். மற்ற மரங்களில் பழம் இல்லாத மாதத்திலும் ஏதோ ஓர் அத்தியோ ஆலோ அரசோ பழுத்திருக்கும். குளவிக்கு ஆண்டு முழுக்கப் பிஞ்சு தேவை என்பதால் மரங்கள் ஆளுக்கொரு நேரம் காய்க்கின்றன. அதனால்தான் பஞ்ச காலத்தில் குயிலும் குக்குறுவானும் பட்டினி கிடப்பதில்லை. குளவி இல்லை என்றால் இந்தப் பழம் இல்லை. கலிபோர்னியாவில் 1880களில் துருக்கியிலிருந்து ஸ்மிர்னா என்கிற அத்தி வகையைக் கொண்டுபோய் நட்டார்கள். மரம் செழித்தது, காய் பிடித்தது, பழுக்காமல் உதிர்ந்தது. குளவியைக் கொண்டுவந்து 1899இல் நிலைநிறுத்திய பிறகுதான் பழம் கண்டார்கள். மரத்தை மட்டும் எண்ணினால் போதாது என்று அன்றைக்கே பணம் போட்ட விவசாயி புரிந்துகொண்டார்.

என் அப்பாயிக்கு இதெல்லாம் படிக்காமலே தெரியும். அந்தப் பாலத்து மரத்தடியில்தான் எங்களை உட்காரவைத்துவிட்டுத் துணி துவைப்பார். அடிமரத்திலேயே கொத்துக் கொத்தாகக் காய்த்திருக்கும். பழத்தை இரண்டாகப் பிட்டு, உள்ளங்கையில் வைத்து வாயால் ஊதுவார். கருப்பாகப் பொடிப் பொடியாக எழும்பிப் பறக்கும். நான் அருவருத்து ஓடுவேன். "அதுங்க வீட்டுல நாம திங்கிறோம் ஆத்தா, அதுங்க போகட்டும், அப்புறம் தின்னு" என்பார். "அத்திப் பழத்தைப் பிட்டால் அத்தனையும் புழு" என்று ஊரே இளக்காரமாகச் சொன்னதை, அப்பாயி மட்டும் ஏனோ மரியாதையாகச் சொல்வார். நான் தாவரவியல் எடுத்துப் படித்ததே அந்த உள்ளங்கையால்தான். கூட்டத்தில் சிரித்தவர்களில் இரண்டு பேர் அதே மரத்தடியில் என்னோடு விளையாடியவர்கள். அதைச் சொல்லாமல் இருக்கலாம் என்று நினைத்தேன், முடியவில்லை.

"மனுஷனுக்கே வழியில்லை, பூச்சிக்கு என்ன" என்று கேட்பவர்களோடு நான் வாதாடப் போவதில்லை. பாலம் வேண்டாம் என்று நான் ஒரு நாளும் சொன்னதில்லை. ஒரே ஒரு முறை மரத்தை நன்றாகப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள் என்றுதான் கேட்டேன். போத்து நட்டால் துளிர்க்கும் மரம் அத்தி, நான்கு போத்தாவது வெட்டி வாய்க்காலின் மேல்பக்கம் நடுவோம் என்றேன். அதற்கும் "பத்து புங்கன் சொல்லியாச்சே" என்றுதான் பதில் வந்தது.

அன்று சாயங்காலம் லாரி கிளம்பும் முன் அறுத்துக் கிடந்த கிளையிலிருந்து ஏழெட்டு காய்களைப் பறித்து வந்தேன். சமையலறை ஜன்னலோரம் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டு, வாயில் துணி கட்டி வைத்தேன். மறுநாள் காலை பால் காய்ச்சப் போனபோது துணியின் உள்பக்கம் முழுக்கக் கறுப்புக் கறுப்பாக ஊர்ந்துகொண்டிருந்தன. ஒரு காயில் புதிதாகக் கடித்த துளை. சுற்றிலும் இறக்கையில்லாத ஆண்கள் செத்துக் கிடந்தன.

துணியை அவிழ்த்து ஜன்னலைத் திறந்துவிட்டேன். வெளிச்சத்தைப் பார்த்துப் போய்விட்டன.

எனக்குத் தெரிந்து அடுத்த அத்தி, ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் பழைய செங்கல் சூளை அருகே நிற்கிறது. அதில் இப்போது பிஞ்சு விட்டிருக்கிறதா என்று தெரியவில்லை. அந்தப் பக்கம் வீடு உள்ளவர்கள் யாராவது இன்றைக்கே பார்த்துவிட்டு ஒரு போட்டோ போடுங்கள்.