புன்னை கேட்டால் புங்கன் தருகிறார்கள்

போன மாதம் ஒரு நர்சரிக்குப் போய்ப் பத்துப் புன்னைக் கன்று வேண்டும் என்றேன். உள்ளே போன பையன் பத்துப் புங்கன் கன்றைத் தள்ளுவண்டியில் வைத்து உருட்டிக்கொண்டு வந்தான்.

"தம்பி, இது புங்கன்."

"ரெண்டும் ஒண்ணுதான் சார். எண்ணெய் எடுக்குற மரம்."

அவனைச் சொல்லிக் குற்றமில்லை. பிச்சாவரத்தில் சேற்றில் நிற்கும் அலையாத்திக் காட்டைச் 'சுரபுன்னைக் காடு' என்று பத்திரிகைகளே எழுதுகின்றன. உண்மையான சுரபுன்னை மலைக்காட்டு மரம். உப்புத் தண்ணீருக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. பெயரை இப்படிக் குழப்பி வைத்துவிட்டு நர்சரிப் பையனிடம் கோபித்து என்ன ஆகப்போகிறது?

சரி, வித்தியாசம் ரொம்பச் சுலபம். புங்கனில் ஒரே காம்பில் ஐந்து, ஏழு என்று சிற்றிலைகள் இருக்கும். புன்னை இலை தனி இலை, எதிரெதிராக இருக்கும், தடித்து எண்ணெய் தடவியது போல மின்னும். வெயிலில் பிடித்துப் பார்த்தால் நடு நரம்பிலிருந்து இரண்டு பக்கமும் நெருக்கமாகக் கோடு போட்டிருக்கும், கோடு போட்ட நோட்டு தோற்றுவிடும். கிள்ளினால் பால் வரும். புன்னையும் அதன் உறவு மரங்களும் சேர்ந்த இந்தப் பேரினத்துக்குத் தாவரவியலில் 'கேலோபில்லம்' என்று பெயர். கிரேக்கத்தில் அழகிய இலை என்று பொருள். பூவும் காயும் இருக்க, பெயர் வைத்தவருக்கு இலைதான் கண்ணில் பட்டிருக்கிறது. உலகத்தின் வெப்பநாடுகளில் இதில் ஏறக்குறைய 190 இனங்கள் உண்டு. நம் கடற்கரையில் நிற்பது 'கேலோபில்லம் இனோபில்லம்'. மேற்குத் தொடர்ச்சி மலையில் இதன் காட்டு உறவினர்கள் நெடுநெடுவென்று நேராக வளரும். கப்பல் பாய்மரத்துக்கென்று வெள்ளைக்காரர்கள் அவற்றைத் தேடித்தேடி வெட்டினார்கள். ஆங்கிலத்தில் அந்த மரத்துக்கு 'பூன்' என்று பெயர். நம் பக்கத்துப் புன்னைதான் வாய் மாறி அப்படி ஆகிவிட்டது.

எங்கள் ஊர் நாகைக்குத் தெற்கே, கடல் சத்தம் கேட்கும் தூரம். கோயிலுக்குப் பின்னால் நான்கு புன்னை நின்றன. பள்ளிக்கூடம் விட்டதும் கொட்டை பொறுக்கப் போவோம். வௌவால் சதையைத் தின்றுவிட்டுக் கொட்டையை எங்கெங்கோ போட்டிருக்கும். பாதி வேலையை அது முடித்துக் கொடுத்துவிடும். உருண்டையான கொட்டைகளாகப் பார்த்துக் கோலிக்கு எடுத்து வைத்துக்கொண்டு மிச்சத்தைப் படிக் கணக்கில் விற்போம். வருகிற காசு ஐஸ் வாங்கச் சரியாக இருக்கும். அப்பாயி சின்ன வயதில் அவர்கள் வீட்டில் புன்னை எண்ணெய் விளக்குதானாம். "புகை அப்பும், நாத்தம் வரும், ஆனா காத்துல சட்டுனு அணையாது" என்பார். மண்ணெண்ணெய் வந்ததும் அந்த விளக்கு பரணுக்குப் போனது. கொட்டை வாங்குகிறவரும் ஒரு கட்டத்தில் வருவதை நிறுத்திவிட்டார். நான்கு மரத்தில் மூன்றை மண்டபம் கட்டுவதற்காக வெட்டினார்கள். மிச்சம் இருக்கும் ஒன்றைச் சுற்றிச் சிமெண்டுத் திண்ணை போட்டு டைல்ஸ் ஒட்டிவிட்டார்கள். மரம் மூச்சு விடுகிறதா என்று பார்க்க ஆளில்லை, மஞ்சள் துணி மட்டும் தவறாமல் கட்டுகிறார்கள்.

புன்னையைப் பற்றிப் பேசினால் நற்றிணை 172ஆம் பாட்டைச் சொல்லாமல் இருக்க முடியாது. தோழிகளோடு வெள்ளை மணலில் விளையாடிய பெண் ஒரு கொட்டையை மணலில் அழுத்தி வைத்துவிட்டு மறந்துபோகிறாள். அது முளைத்துவிடுகிறது. பிறகு நெய்யும் பாலும் ஊற்றி வளர்க்கிறார்கள். உன்னைவிட இதுதான் உசத்தி, இது உன் தங்கை என்று அம்மா சொல்லிவிடுகிறாள். அதனால் தலைவனோடு அந்த மர நிழலில் சிரித்துப் பேச வெட்கமாக இருக்கிறது என்கிறாள், தங்கை எதிரில் எப்படி? இதை மேடைக்கு மேடை சொல்லிச் சொல்லி, இயற்கையோடு இயைந்த தமிழன் என்று முடித்துக் கைதட்டு வாங்குகிறார்கள். எனக்கு அந்தப் பாட்டில் பிடித்தது வேறு. அவர்கள் அதை ஒரு லாபத்துக்கும் நடவில்லை. நட்டதையே மறந்துவிட்டார்கள்.

இன்றைக்குப் புன்னையைப் பற்றி யார் வாயைத் திறந்தாலும் முதல் கேள்வி "என்ன வருமானம்?" என்பதுதான். அதில்தான் எனக்குத் தகராறு.

2004 சுனாமிக்குப் பிறகு எங்கள் கரையோரம் முழுக்கச் சவுக்கு நட்டார்கள். சவுக்கு நம் ஊர் மரம் இல்லை, 19ஆம் நூற்றாண்டில் ரயில் எஞ்சினுக்கு விறகு வேண்டும் என்று இங்கே பெருக்கியது. நான்கைந்து வருடத்தில் வெட்டிக் காசாக்கலாம், கழிக்கும் விறகுக்கும் எப்போதும் கிராக்கி உண்டு. அதை நம்பிப் பிழைக்கும் குடும்பங்கள் எங்கள் ஊரிலேயே இருக்கின்றன, அவர்களை நான் குறை சொல்லவில்லை. சொந்தக் கொல்லையில் தாராளமாக வைக்கட்டும். ஆனால் அலைக்கு எதிரே மணல்மேட்டைச் சமப்படுத்திவிட்டு, ஆமை முட்டையிடும் இடம் வரைக்கும் வரிசை பிடித்துச் சவுக்கு வைப்பதற்குப் பெயர் கடற்கரைப் பாதுகாப்பா? வெட்டி எடுத்த வருடம் அந்த இடம் மொட்டையாகக் கிடக்கிறதே, அந்த வருடம் புயல் வராது என்று யார் எழுதிக் கொடுத்தது?

2018 நவம்பரில் கஜா புயல் வந்தபோது எங்கள் பக்கம் தென்னை அத்தனையும் தலைகீழாகக் கிடந்தது. அந்தக் கோயில் புன்னைக்கு இரண்டு கிளை ஒடிந்தது. அவ்வளவுதான். ஒரு மரத்தை வைத்துக்கொண்டு விஞ்ஞானம் பேசக் கூடாது, தெரியும். ஆனால் மணலிலும் உப்புக் காற்றிலும் நிற்பது அதன் பிறவிக் குணம். காய் கடலில் மிதந்து போய் இன்னொரு கரையில் முளைக்கும். இந்தியப் பெருங்கடலிலிருந்து பசிபிக் தீவுகள் வரை அப்படித்தான் பரவியிருக்கிறது. ஹவாய்க்கு மட்டும் பழைய கடலோடிகள் படகில் கொண்டுபோனதாகச் சொல்கிறார்கள். நம் கரையோர ஊர்ப் பெயர்களைப் பாருங்கள்: தாமிரபரணி முகத்துவாரத்தில் புன்னைக்காயல், இலங்கையில் ஏறாவூருக்குப் பக்கத்தில் புன்னைக்குடா. மயிலாப்பூர்க் கோயிலின் தலமரமும் இதுதான்.

வளர்ச்சி மெதுவாகத்தான் இருக்கும். அதனால் எந்தத் திட்டத்துக்கும் இது பிடிக்காது. திட்டத்துக்கு ஐந்து வருடத்தில் போட்டோ வேண்டும்.

அப்புறம் எண்ணெய்க் கூட்டம். தஹிதியில் இந்த மரத்துக்குத் 'தமனு' என்று பெயர். தமனு எண்ணெய் என்று லேபிள் ஒட்டிய கட்டைவிரல் அளவுப் பாட்டில் இணையத்தில் என்ன விலைக்குப் போகிறது என்று பாருங்கள். என் மச்சினி ஒன்று வாங்கி, முகத்தில் தடவி, நாற்றம் தாங்காமல் என்னிடம் கொண்டு வந்து காட்டினாள். மூடியைத் திறந்தேன், அப்பாயி வீட்டுப் பரண் வாசம். இன்னொரு பக்கம், டீசலுக்குப் பதில் புன்னை எண்ணெய் என்று ஒரு கூட்டம். பருப்பில் பாதிக்கு மேல் எண்ணெய்தான், எஞ்சின் ஓடும், இந்தோனேசியாவிலும் செய்து பார்த்திருக்கிறார்கள். இருக்கட்டும். ஆனால் காட்டாமணக்கை நட்டால் பணம் கொட்டும் என்று 2000களில் சொன்னதைக் கேட்டு நிலத்தை மடக்கியவர்கள் நம்மிடையேதான் இருக்கிறார்கள். அவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு வாருங்கள்.

பயன் என்று பேசுகிறவர்களிடம் நான் சொல்வது சரவாக் கதை. 1987இல் மலேசியாவின் சரவாக் காட்டில் இந்தப் பேரினத்தைச் சேர்ந்த இன்னொரு மரத்தின் இலையையும் சுள்ளியையும் அமெரிக்கப் புற்றுநோய் ஆய்வு நிறுவனத்துக்காகச் சேகரித்தார்கள். சோதனைக் கூடத்தில் அது எய்ட்ஸ் கிருமிக்கு எதிராக வேலை செய்தது. அடித்துப் பிடித்துக்கொண்டு திரும்பவும் காட்டுக்குப் போனால், மரம் இல்லை, யாரோ வெட்டிவிட்டார்கள். அக்கம்பக்கத்தில் அதே இனம் என்று எடுத்து வந்ததில் அந்தச் சரக்கு இல்லை. கடைசியில் சிங்கப்பூர் தாவரவியல் பூங்காவில் நின்ற மரத்தில் கிடைத்தது. அந்தப் பொருளுக்குக் 'கலனோலைடு ஏ' என்று பெயர் வைத்து, மனிதர்களிடம் சோதிக்கும் கட்டம் வரை கொண்டு போனார்கள். கடைக்கு வரும் மருந்தாக அது ஆகவில்லை.

இதைச் சொன்னால் உடனே "பார்த்தீர்களா, புன்னை எய்ட்ஸுக்கு மருந்து" என்று யாராவது வாட்ஸப்பில் கிளப்புவார்கள். அய்யா, அது வேறு மரம். தயவுசெய்து வேண்டாம். எனக்கு இதில் உறைப்பது சிங்கப்பூர் மரம்தான். அதை நட்டபோது எய்ட்ஸ் என்ற சொல்லே உலகத்தில் இல்லை. எதற்கு ஆகும் என்று தெரியாமல் யாரோ நட்டார்கள், யாரும் வெட்டாமல் விட்டார்கள், அவ்வளவுதான்.

எங்கள் கரையில் சவுக்கு வரிசைக்குப் பின்னால், மீன் காயப்போடும் திடலை ஒட்டி, புன்னை நிற்க எவ்வளவோ இடம் கிடக்கிறது. வலை பின்னுகிறவர்கள் இப்போது தார்ப்பாய் கட்டி உட்கார்ந்திருக்கிறார்கள். எண்ணெய் எடுக்க வேண்டாம், மருந்து தேட வேண்டாம், அவர்கள் தலைக்கு மேல் நிழல் விழுந்தால் போதாதா? ஊர்க் கூட்டத்தில் இதைச் சொன்னேன். "நீ சொல்ற மரம் நிழல் குடுக்கறப்ப நாம இருப்பமா?" என்று ஒரு பெரியவர் கேட்டார். "நீங்க இருக்க மாட்டீங்க மாமா" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன். ஒரு வாரம் என்னிடம் பேசவில்லை.

நர்சரியில் கிடைக்காததால் கோயில் மரத்தடியில் நானே நாற்பது கொட்டை பொறுக்கினேன். ஓட்டோடு போட்டால் முளைக்க இரண்டு மாதம் ஆகும். பருப்பு அடிபடாமல் ஓட்டை நீக்கிவிட்டுப் போட்டால் மூன்று வாரம் போதும். சுத்தியலால் நான்கைந்தைக் கூழாக்கிய பிறகு கை பழகியது. இப்போது பால் பாக்கெட் உறைகளில் பதினேழு முளைத்திருக்கின்றன. இரண்டை அந்த நர்சரிப் பையனுக்குக் கொடுத்தேன், இலையைக் கிள்ளிப் பால் வருவதையும் காட்டினேன். ஒன்றை அந்தப் பெரியவர் கேட்காமலே எடுத்துக்கொண்டு போய்விட்டார். மிச்சம் பதினான்கு. மழைக்கு முன்னால் நட ஆள் தேவை. கடலோரத்தில் இடம் உள்ளவர்கள் உள்பெட்டிக்கு வாருங்கள், காசு வேண்டாம். ஆடு கடிக்காமல் வேலி போடத் தெரிந்தால் போதும்.