பேய் ஒரு தரம்தான் கூப்பிடும்

பேய்ப்படம் எடுக்கப்போவதாக ஒரு தம்பி கதையைக் கொண்டுவந்து தந்தார். திருகோணமலைதான் களம், நாட்டார் நம்பிக்கைகள்தான் அடிப்படை, திடுக்கிட வைக்காமல் மெல்லப் படரும் அச்சம் என்றார். ஆசையோடு வாசித்தேன். மூன்றாம் பக்கத்தில் வெள்ளைச் சேலை வந்தது. ஐந்தாம் பக்கத்தில் கொலுசு. மூடி வைத்துவிட்டேன்.

தம்பி, அந்தச் சேலையும் கொலுசும் கோடம்பாக்கத்தில் வாடகைக்குக் கிடைப்பவை. பிள்ளைப்பேற்று வீட்டைச் சுற்றித் திரியும் கொத்திப் பேயை நம்மில் யார் கண்டோம்? வாசலில் செருகிய வேப்பிலையைத்தான் கண்டிருக்கிறோம். நமக்குப் பயம் காது வழியாகத்தான் வரும். ஆடி மாதக் கச்சான் காற்றில் காய்ந்த பனையோலை உரசுவதை இரவு இரண்டு மணிக்குப் பதிவு செய்து, தனியே இருந்து கேட்டுப் பாருங்கள்.

திருகோணமலையின் கொட்டியாரக் குடாவுக்குக் கப்பலில் வந்த ஆங்கிலேய மாலுமி றொபேட் நொக்ஸ், 1660 இல் மூதூர்ப் பக்கம் கண்டி அரசனின் ஆட்களிடம் அகப்பட்டார். 19 ஆண்டுகள் கண்டி இராச்சியத்தில் சிறை. தப்பிப்போய் 1681 இல் வெளியிட்ட நூலில், இரவில் பேய் கத்துவதைத் தானே பலமுறை கேட்டதாக எழுதுகிறார். நாய் குரைப்பது போன்ற கூரிய குரலாம். யாருக்கும் அது தீங்கு செய்ததாகக் கேள்விப்படவில்லையாம். அந்தக் கடைசி வரிதான் எனக்கு உடம்பைச் சிலிர்க்க வைக்கிறது. ஒன்றும் செய்யாமல் கத்திக்கொண்டு மட்டும் இருந்தால் அதற்கு என்னதான் வேண்டும்?

திருகோணமலைக்கு அருகே கன்னியாவிலும் ஒரு காட்சியைத் தம்பி வைத்திருக்கிறார். வெந்நீர்க் கிணற்றிலிருந்து ஒரு கை நீள்கிறது. எடுத்துவிடச் சொன்னேன். தாயின் ஈமக்கடனுக்காக இராவணன் உண்டாக்கியதாகச் சொல்லப்படும் ஏழு கிணறுகள் அவை. இறந்தவருக்கான அந்தியேட்டிச் சடங்குக்கு நம் சனம் போய்க் குளித்த இடம். துக்கம் கழுவும் தண்ணீரில் பேயை இறக்கிவிட எனக்கு மனமில்லை.

என் அம்மம்மாவிடம் ஒரு கணக்கு இருந்தது. இரவில் யாராவது பெயர் சொல்லி அழைத்தால் உடனே குரல் கொடுக்கக்கூடாது. பேய் ஒரு தரம்தான் கூப்பிடும். மூன்று தரம் கூப்பிட்டால் மனிதர். குப்பி விளக்கைத் தணித்துவிட்டு நாங்கள் விரல்விட்டு எண்ணுவோம்.

பிறகு வேறு காலம் வந்தது. ஓர் இரவு எங்கள் ஒழுங்கையில் மூன்று தரம் கூப்பிட்டார்கள், பெயரைப் பிழையில்லாமல் சொல்லி. கதவைத் திறந்து வெளியே போன பிள்ளை திரும்பி வரவில்லை. அதன்பின் அம்மம்மா அந்தக் கணக்கைச் சொன்னதே இல்லை. வைரவருக்கு விளக்கு வைக்கும்போதுகூட வாசலை ஒருமுறை திரும்பிப் பார்த்துக்கொள்வார்.

தம்பி நெடுநேரம் பேசாமல் இருந்தார். "இதை எடுக்கலாமா, அண்ணா?" என்றார்.

எடுக்கலாம். கமெராவை மட்டும் வாசலுக்கு வெளியே கொண்டுபோக வேண்டாம். வந்தவர்களின் முகம் வேண்டாம். உள்ளே எண்ணிக்கொண்டிருக்கும் குழந்தையின் உதடுகள் போதும். இசையும் வேண்டாம் என்றேன்.

இசைக்கு முற்பணம் கொடுத்தாயிற்றே என்று தலையைச் சொறிந்தார்.