'மாத்லைட்' கேமராவில் எடுத்த படமல்ல

கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸ் திரையிடல் பற்றிய இந்த உரையாடலில், 'மாத்லைட்' என்ற குறும்படம் விட்டில்பூச்சிகளை மிக அருகில் கேமரா வைத்து எடுத்த படம் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். பலரும் அதையே சொல்கிறார்கள். அப்படித் தோன்றுவது இயல்புதான். ஆனால் 1963இல் அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜ் அதைக் கேமராவே இல்லாமல் செய்தார். செத்த விட்டில்களின் சிறகு, இலை, புல் இவற்றை ஒளி ஊடுருவும் ஒட்டுநாடாக்களுக்கு இடையில் வைத்து ஒட்டி, அதிலிருந்து படச்சுருளில் பிரதி எடுத்தார்.

சரிபார்ப்பது எளிது. படத்தை ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்துங்கள். 16 மி.மீ. சுருளில் ஒரு ஃபிரேமின் உயரம் சுமார் 7.5 மி.மீ.தான், அதனால் ஒரே புல் ஒரு ஃபிரேமில் அறுபட்டு அடுத்த ஃபிரேமில் தொடரும். அப்புறம், வாசல் விளக்கடியில் கிடக்கும் சிறகொன்றை செலோடேப்பில் ஒட்டி, போன் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். அதே நரம்புகள்!