ஆண்ட்ரூ மெலன் தூதராக இருந்தபோது அந்த ஓவியங்களை வாங்கவில்லை

'அமெரிக்கக் கோடீஸ்வரர் மெலன் லண்டனில் தூதராக இருந்த செல்வாக்கில் ரஷ்ய ஓவியங்களை வாங்கினார், வரி வழக்கு வந்ததும் தப்பிக்க நாட்டுக்குக் கொடுத்துவிட்டார்' என்று ஒருவர் எழுதியிருக்கிறார். காலவரிசையே இடிக்கிறது.

ரஷ்யாவின் ஹெர்மிடாஜ் அருங்காட்சியகத்தின் 21 ஓவியங்களை அவர் வாங்கியது 1930-31இல். அப்போது அவர் அமெரிக்க நிதியமைச்சர். தூதர் பதவி 1932-33இல்தான், அதுவும் ஏறக்குறைய ஓராண்டுதான். சோவியத் அரசுக்கு அந்நியச் செலாவணி தேவைப்பட்டது; பிட்ஸ்பர்க் வங்கியாளரான இவரிடம் பணம் இருந்தது. ரபேலின் 'ஆல்பா மடோனா'வுக்கு மட்டும் 11 லட்சம் டாலருக்கு மேல் கொடுத்தார். 1930களின் பெரும் பொருளாதார மந்தத்தின் நடுவே நிதியமைச்சர் இப்படிச் செலவழித்ததைக் கேள்வி கேட்டால் அது நியாயம்.

சரி, வரி வழக்கு? 1931 வருமான வரியில் மோசடி செய்தார் என்ற அந்தக் குற்றச்சாட்டு 1934இல் வந்தது. ஓவியங்களுக்கான அறக்கட்டளையை அவர் 1930லேயே தொடங்கிவிட்டார். அந்த அறக்கட்டளைக்குக் கொடுத்த ஓவியங்களுக்கு 1931 கணக்கில் வரிக்கழிவு கேட்டதும் வழக்கில் ஒரு சர்ச்சை. ஆகவே வரிக்கும் ஓவியங்களுக்கும் தொடர்பே இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் கொடை வழக்குக்குப் பயந்து பிறந்ததல்ல. 1937 ஆகஸ்டில் அவர் இறந்தார். மோசடி இல்லை என்ற தீர்ப்பு அந்த டிசம்பரில் வந்தது.

அந்தக் கொடையால் உருவான வாஷிங்டன் தேசிய ஓவியக்கூடத்துக்குத் தன் பெயர் வேண்டாம் என்றவரும் அவர்தான்.