கூலிக்கு எழுதியவர்

ரிச்சர்ட் கியர் நடித்த 'ஹச்சி' படத்தைப் பார்த்து அழாதவர்கள் குறைவு. அதன் மூலப்படம் 1987-இல் வந்த ஒரு ஜப்பானியப் படம். அதற்குத் திரைக்கதை எழுதியவர்தான் 'ஓனிபாபா' என்ற பேய்ப்படத்தை எடுத்த கனெத்தோ ஷிந்தோ என்று சொன்னால், உலக சினிமா பேசும் நண்பர்களே நம்புவதில்லை. நாய்ப் படத்துக்கும் அந்த நாணல்காட்டுக் கொலைகாரிகளுக்கும் என்னய்யா சம்பந்தம் என்கிறார்கள்.

மற்றவர்களுக்கு எழுதிக் கொடுத்துப் பிழைத்து, யாரும் காசு போடத் துணியாத படங்களைத் தானே எடுத்தவர் ஷிந்தோ. அந்தக் கூலி எழுத்தை ஒதுக்கிவிட்டு அவரை வெறும் 'கலைப்பட இயக்குநர்' என்று கொண்டாடுவது எனக்கு ஒப்பவில்லை. மசுமுரா, சுசுகி என்று ஒன்றுக்கொன்று ஒட்டாத இயக்குநர்களுக்கெல்லாம் எழுதியவர் அவர்.

1912-இல் ஹிரோஷிமா மாகாணத்தில் பிறந்தார். இயக்குநர் மிசோகுச்சியிடம் வேலை பார்த்தபோது, எழுதிக் கொடுத்த திரைக்கதையை அவர் தேறாது என்று தள்ளிவிட்டார். அந்த அவமானத்தையும், காசநோயில் போன முதல் மனைவியையும் வைத்துத்தான் 1951-இல் முதல் படத்தை இயக்கினார். அதற்கு முந்தைய ஆண்டே 'ஷோச்சிகு' என்ற ஸ்டூடியோவை விட்டு வந்து, இயக்குநர் யோஷிமுரா, நடிகர் தொனோயாமா ஆகியோருடன் சொந்தக் கம்பெனி தொடங்கியிருந்தார்.

1952-இல் 'ஹிரோஷிமாவின் குழந்தைகள்'. பணம் போட்டது ஆசிரியர் சங்கம். அணுகுண்டு விழுந்த ஊருக்குத் திரும்பும் ஒரு டீச்சர் தன் பழைய மாணவர்களைத் தேடிப் போகிறாள். படத்தில் அழுகைதான் இருக்கிறது, அரசியல் இல்லை என்று சங்கத்துக்குக் குறை. வேறொரு இயக்குநரை வைத்து இன்னொரு படமே எடுத்துவிட்டார்கள்! நான் ஷிந்தோ பக்கம்தான். மாணவர்களை ஒவ்வொருவராகத் தேடிப் போய் என்ன ஆனார்கள் என்று விசாரிப்பதைவிடப் பெரிய அரசியல் என்ன இருக்கிறது?

கம்பெனி மூழ்கும் நிலைக்கு வந்தபோது எடுத்ததுதான் 1960-இன் 'தி நேக்கட் ஐலண்ட்'. சின்னஞ்சிறு குழு, ஒரு குட்டித் தீவு, கிட்டத்தட்ட வசனமே இல்லை. வாழ்நாள் முழுக்க வசனம் விற்றவர் இப்படி ஒன்றை எடுத்திருக்கிறார் பாருங்கள். கணவனும் மனைவியும் படகில் போய்த் தண்ணீர் மொண்டு, காவடித் தண்டில் வாளிகளைத் தொங்கவிட்டு மேட்டில் ஏறுகிறார்கள். ஒருமுறை அவள் கால் இடறி ஒரு வாளி கவிழ்ந்துவிடுகிறது. பளாரென்று ஓர் அறை. அவள் எழுந்து மிச்சத் தண்ணீரைத் தூக்கிக்கொண்டு நடக்கிறாள்.

பின்னால் மூத்த மகன் காய்ச்சலில் சாகிறான். ஒருநாள் அவளே வாளியைக் கவிழ்த்து, செடிகளைப் பிடுங்கி எறிந்து, மண்ணில் விழுந்து கதறுகிறாள். இப்போது அவன் அடிக்கவில்லை. வெறுமனே பார்க்கிறான், அப்புறம் தன் பாட்டுக்கு மறுபடி தண்ணீர் ஊற்றத் தொடங்குகிறான். சற்று நேரத்தில் அவளும் எழுந்து வேலைக்குத் திரும்புகிறாள். இரண்டு வாளிகளுக்கும் நடுவில் ஒரு தாம்பத்தியத்தையே எழுதிவிட்டார். பேச்சில்லாத இந்தப் படத்தில்தான் அவருடைய திரைக்கதைக் கை நன்றாகத் தெரிகிறது. மாஸ்கோ விழாவில் பெரும்பரிசு கிடைத்து, வெளிநாடுகளில் விற்று, கம்பெனியும் பிழைத்தது.

அந்த மனைவியாக நடித்தவர் நொபுக்கோ ஒத்தோவா. பெரிய ஸ்டூடியோ 'மில்லியன் டாலர் கன்னக்குழி' என்று விளம்பரப்படுத்திய நட்சத்திரம்! அதை உதறிவிட்டு ஷிந்தோவோடு வந்தவர். அவருக்குக் கிடைக்க வேண்டிய புகழில் பாதிகூடக் கிடைக்கவில்லை என்பது என் நெடுநாள் ஆதங்கம்.

ஷிந்தோவின் கடைசிப் படம் 'போஸ்ட்கார்ட்', 98 வயதில் எடுத்தது. இரண்டாம் உலகப் போரில் இவரோடு கடற்படையில் சேர்க்கப்பட்ட 100 பேரில் பிழைத்தது 6 பேர்தான். யாரை எங்கே அனுப்புவது என்பதைச் சீட்டுக் குலுக்கித்தான் முடிவு செய்தார்களாம். அதையும் அழுதுவடியாமல், நக்கலும் கூத்துமாக எடுத்திருக்கிறார். 2012-இல், 100 வயதில் போய்ச் சேர்ந்தார்.

புதிதாகப் பார்க்கிறவர்கள் தயவுசெய்து 'ஓனிபாபா'வில் தொடங்காதீர்கள். முதலில் அந்தத் தண்ணீர்ப் படம், அடுத்து 'போஸ்ட்கார்ட்'. பேய்க்கதை எங்கேயும் ஓடிப்போகாது.