ஜார்ஜ் நாரிஸும் சபை விதிகளும்

அமெரிக்க அரசியலைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அதிபர்களோடு நின்றுவிடுகிறார்கள். நெப்ராஸ்கா மாநிலத்தின் மெக்குக் என்ற சிற்றூரிலிருந்து சென்று, 1903 முதல் பத்தாண்டுகள் பிரதிநிதிகள் சபையிலும், அடுத்த முப்பது ஆண்டுகள் செனட்டிலும் அமர்ந்திருந்த ஜார்ஜ் நாரிஸை, பல அதிபர்களுக்கு மேலாகவே நான் மதிக்கிறேன். அதிகாரம் சபை விதிகளுக்குள்தான் குடியிருக்கிறது என்பதை அவரளவுக்குப் புரிந்துகொண்டவர்கள் குறைவு.

1910இல் சபாநாயகராக இருந்த ஜோசப் கேனன், எந்த மசோதா எப்போது விவாதத்துக்கு வரும் என்று தீர்மானிக்கும் விதிகள் குழுவையும் தம் கைக்குள் வைத்திருந்தார். அவருக்குப் பிடிக்காத மசோதா விவாதத்துக்கே வராது. கேனனின் குடியரசுக் கட்சியையே சேர்ந்த நாரிஸ், இதை மாற்றும் தீர்மானத்தை எழுதிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு தருணம் பார்த்திருந்தார். மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அரசியலமைப்பிலேயே சொல்லப்பட்டிருப்பதால் அது பற்றிய தீர்மானத்துக்கு முன்னுரிமை உண்டு என்று மார்ச் 17 அன்று கேனன் தரப்பு சபையை ஏற்கச் செய்ததும், நாரிஸ் எழுந்தார். சபை தன் விதிகளைத் தானே வகுத்துக்கொள்ளலாம் என்பதும் அதே அரசியலமைப்பில்தானே இருக்கிறது, ஆகவே என் தீர்மானத்துக்கும் முன்னுரிமை உண்டு என்றார். விடிய விடிய நீண்ட விவாதத்துக்குப் பின், மார்ச் 19 அன்று 191க்கு 156 என்ற வாக்குகளில் சபாநாயகர் அந்தக் குழுவிலிருந்து வெளியேற்றப்பட்டார். எதிராளியின் வாதத்தையே எடுத்து அவரை மடக்கிய இந்தச் சாமர்த்தியம் எனக்கு அலுப்பதேயில்லை.

1917இல் முதல் உலகப் போரில் இறங்குவதை எதிர்த்து வாக்களித்த ஆறு செனட்டர்களில் அவரும் ஒருவர். துரோகி என்ற பழியைச் சுமந்த அவரை, மறு ஆண்டே நெப்ராஸ்கா மீண்டும் தேர்ந்தெடுத்தது.

டென்னசி ஆற்றின் மசில் ஷோல்ஸ் அணையைத் தனியாருக்கு விடக்கூடாது என்று அவர் நடத்திய போராட்டம் பொறுமைக்கான பாடம். கார் தயாரிப்பாளர் ஹென்றி ஃபோர்டு அதைக் கேட்டார். நாரிஸ் தலைமையிலான செனட் வேளாண் குழு அசையவில்லை. அணையை அரசே நடத்த வேண்டும் என்ற நாரிஸின் மசோதாவை அதிபர் கூலிட்ஜ் கையெழுத்திடாமலேயே சாகடித்தார், அடுத்த அதிபர் ஹூவர் மறுத்துத் திருப்பி அனுப்பினார். 1933இல் ரூஸ்வெல்ட் கையெழுத்திட, அந்த ஆற்றின் அணைகளை அரசு சார்பில் நடத்தும் டென்னசி பள்ளத்தாக்கு ஆணையம் பிறந்தது. நம் தாமோதர் பள்ளத்தாக்குக் கழகத்துக்கு முன்மாதிரி அதுவே. ஆணையம் கட்டிய, நாரிஸ் பெயரைத் தாங்கிய அணைக்காக ஏறத்தாழ 3,000 குடும்பங்கள் இடம்பெயர்ந்ததையும் அவரைப் புகழ்கிறவர்கள் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இருந்தாலும் அவருடைய முத்திரையை நான் காண்பது நெப்ராஸ்காவின் ஓரவைச் சட்டமன்றத்தில்தான். இரண்டு அவைகள் இருந்தால், இறுதியில் இரண்டுக்கும் பொதுவான சிறு குழு ஒன்று மூடிய கதவுக்குள் மசோதாவை மாற்றிவிடும், யார் மாற்றினார் என்பது வாக்காளருக்குத் தெரியாது என்று அவர் ஊர் ஊராகச் சென்று விளக்கினார். 1934இல் மக்கள் ஒப்புதல் தந்தார்கள். 1937இல் கட்சிச் சின்னமில்லாத 43 உறுப்பினர்களோடு அந்த அவை கூடியது. இன்றுவரை ஐம்பது மாநிலங்களில் வேறெதுவும் அந்த வழிக்கு வரவில்லை. பழியை இன்னொரு அவையின் மேல் போட்டுவிட்டுத் தப்பிக்கும் வசதியை எந்தச் சட்டமன்ற உறுப்பினர் தானாக விட்டுக்கொடுப்பார்?