வரவேற்பறையில் ஒரு ஜாஸ் கச்சேரி

பினாங்கில் உள்ள எங்கள் வீட்டு வரவேற்பறையில் சென்ற சனிக்கிழமை நான்காவது முறையாக ஜாஸ் கச்சேரி நடத்தினோம். சோபாவை வெளியே போர்ச்சுக்குத் தள்ளிவிட்டு 25 வாடகை நாற்காலிகளைப் போட்டதும் இடம் நிறைந்துவிட்டது. டபுள் பாஸ் என்ற ஆளுயர நரம்பிசைக் கருவியைத் தரையில் தாங்கும் அடிக்கம்பி டைல்ஸில் வழுக்கியதால் என் மனைவி சமையலறைக் கால்மிதியை மடித்துக் கொடுத்தார். மைக் வைக்கவில்லை, டிரம்ஸ் கலைஞரும் குச்சிகளை எடுக்காமல் பிரஷ்களால் மட்டுமே வாசித்தார்.

ஜாஸ் என்பது ஹோட்டல்களில் பணக்காரர்கள் கேட்கும் இசை, அது நமக்கெதற்கு என்று உறவினர் சிலர் கேட்கிறார்கள். ஆனால் 1920களில் நியூயார்க்கின் ஹார்லம் பகுதியில் கறுப்பின மக்களிடம் வாடகை கூடுதலாக வசூலிக்கப்பட்டபோது, அவர்கள் தங்கள் வீட்டிலேயே பியானோ கலைஞர்களை வாசிக்கவைத்து, வந்தவர்களிடம் சிறு கட்டணம் பெற்று வாடகையைக் கட்டினார்கள். ஃபேட்ஸ் வாலர் போன்ற பியானோ மேதைகள் அத்தகைய அறைகளில் வாசித்தவர்கள். நம் பினாங்கிலேயே 1922இல் பிறந்த ஜிம்மி போய்ல் ஜாஸில் ஊறிய இசையமைப்பாளர். சென்ற சனிக்கிழமை சாக்ஸபோனும் டிரம்ஸும் நான்கு நான்கு பார்களாக (தாள அளவுகளாக) மாறி மாறி வாசித்தபோது, மிருதங்கக் கச்சேரிகள் கேட்டு வளர்ந்த என் மாமா தொடையில் தாளம் போட்டுக்கொண்டே, "இது நம்ம தனி ஆவர்த்தனந்தானே!" என்றார்.

மண்டபத்து நிகழ்ச்சிகளில் மாலை மரியாதைக்கும் உரைகளுக்கும் பாதி நேரம் போய்விடுகிறது. வந்தவர்களும் தங்களோடு வந்தவர்களோடேயே அமர்ந்து, அவர்களோடேயே திரும்பிவிடுகிறார்கள். வீட்டில் அது முடியாது. இரண்டு வீடு தள்ளியிருக்கும் மலாய்க் குடும்பத்தை 11 ஆண்டுகளாகக் கார் எண்ணை வைத்துத்தான் அடையாளம் தெரியும். இடைவேளையில் வடையும் தேநீருமாகச் சமையலறை வாசலில் நின்றபோது, அந்த வீட்டுப் பாக்சிக் (மலாயில் பெரியவரை அழைக்கும் சொல்) தம் இளமையில் கித்தார் வாசித்ததை என் மாமாவிடம் அரை மணி நேரம் சொல்லிக்கொண்டிருந்தார். இருவரும் சற்றுமுன் ஒரே இசையைக் கேட்டிருந்ததால், பேச்சைத் தொடங்க வேறு எதுவும் தேவைப்படவில்லை.

ஒன்றில் மட்டும் நான் விட்டுக்கொடுப்பதில்லை. சாப்பாடு போட்டுக் கலைஞர்களைச் சும்மா வாசிக்கச் சொல்வது தவறு. வாசலில் வைக்கும் பித்தளைச் சொம்பில் சேரும் பணம் முழுவதும் அவர்களுக்கே. குறைந்தால் நாங்கள் போட்டு நிரப்புகிறோம். அக்கம்பக்கத்தாரிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டு, இரவு 9.30 மணிக்குள் முடித்துவிடுகிறோம்.

அடுத்த கச்சேரியைத் தங்கள் போர்ச்சில் நடத்தலாமா என்று பாக்சிக் கேட்டிருக்கிறார். நோன்பு மாதம் முடிந்ததும் வைத்துக்கொள்வதாகப் பேசியிருக்கிறோம்.